கிழிக்காத தீக்குச்சி

ஜீப் கிளம்பிக் கொஞ்ச தூரம் போனதுமே எனக்குக் கற்பூர வாசனை வந்துவிட்டது. டீசல் புகை, செம்மண் புழுதி, காலையில் வழியில் பிரித்துச் சாப்பிட்ட எலுமிச்சம்பழ சாதத்தின் மணம், எல்லாவற்றையும் தாண்டிக்கொண்டு அது வந்தது. பின்னால் பெண்கள் நாங்கள் முட்டியோடு முட்டி இடித்தபடி உட்கார்ந்திருந்தோம். வாசனை எனக்குப் பக்கத்திலிருந்த லீடர் அக்காவின் மடியிலிருந்து வந்தது. "என்னக்கா, கற்பூரமா?" என்று மெதுவாகக் கேட்டேன். அவர் மலையைப் பார்த்த முகத்தைத் திருப்பாமலே என் தொடையில் ஒரு கிள்ளு கிள்ளினார். வாயை மூடு என்று அர்த்தம். எனக்குப் பயம் ஆரம்பித்தது அப்போதுதான்.

எனக்குப் பயம் வருவதற்குப் பெரிய காரணம் எதுவும் வேண்டியதில்லை. பெங்களூர் பொம்மசந்திராவில் எலக்ட்ரானிக் போர்டு செய்யும் கம்பெனியில் எனக்கு அப்போது செக்கிங் வேலை. பூதக்கண்ணாடி விளக்கின் கீழே போர்டை வைத்து எங்கே பற்றவைத்தது விட்டிருக்கிறது, எங்கே கோணலாக இருக்கிறது என்று நாளெல்லாம் தேடிக்கொண்டிருப்பவளுக்கு, வீட்டுக்கு வந்தாலும் உலகம் அப்படித்தான் தெரியும். கேஸ் சிலிண்டரை மூடினேனா என்று பாதிப் பஸ் பயணத்தில் இறங்கித் திரும்பிய ஆள் நான். லீடர் அக்கா எனக்கு நேர் எதிர். எங்கள் லைனுக்கு அவர்தான் தலைவி. போளூர்ப் பக்கத்திலிருந்து கல்யாணமாகி வந்து, புருஷன் போனபிறகு ஒரே பெண்ணைத் தனியாக வளர்த்து ஓசூரில் கட்டிக்கொடுத்தவர். மெஷின் நின்றாலும் சூப்பர்வைசர் கத்தினாலும், "ஆவட்டும், பார்த்துக்கலாம்" என்பார். அந்த வார்த்தையைக் கேட்டால் எனக்கு எரிச்சலாகவும் வரும், தெம்பாகவும் இருக்கும்.

அந்த வருஷம் எங்கள் லைன் நன்றாக வேலை செய்ததென்று கம்பெனி ஒரு பரிசு கொடுத்தது. சிக்கமகளூருக்கு அப்பால் ஒரு மலைப் பூங்கா. காட்டு இலாகா வழிகாட்டியோடு ஒரு நாள் மலையேற்றம், இரவு அடிவாரத்தில் தங்கல், மறுநாள் திரும்புவது. மாசி பிறந்திருந்தது. புல் காய்ந்துவிட்டதால் தீ பயத்தில் அடுத்த வாரம் பூங்காவை மூடிவிடுவார்கள், நாங்கள்தான் கடைசிக் கூட்டம் என்று சொன்னார்கள். கம்பெனி டூர் என்றால் எப்போதும் காய்ச்சல் என்று நழுவிவிடும் லீடர் அக்கா, இந்த முறை முதல் ஆளாகப் பேர் கொடுத்தார். பெண்ணுக்கு எட்டாம் மாதம் நடக்கிறது, இவர் எதற்கு மலைக்கு வருகிறார் என்று எங்களுக்குள் பேசிக்கொண்டோம். முதல் பிள்ளை வயிற்றிலேயே போய், இது இரண்டாவது. அந்தப் பெண்ணைப் பற்றிப் பேச்செடுத்தால் மட்டும் அக்காவின் வாயிலிருந்து "பார்த்துக்கலாம்" வராது.

காரணம் எனக்குச் சோதனைச் சாவடியில் தெரிந்தது. பைகளைக் கொட்டி, பிளாஸ்டிக் பாட்டில், பிஸ்கட் பாக்கெட் எல்லாவற்றையும் எடுத்து வைத்துக்கொண்டார்கள். எங்களோடு வரவேண்டிய வழிகாட்டி அந்த ஊர்க்காரர், ஐம்பது வயதிருக்கும். எல்லாரையும் நிற்கவைத்துக் கையெடுத்துக் கும்பிட்டு, "பெங்கி மாத்ர பேட" என்றார். நெருப்பு மட்டும் வேண்டாம். போன மாதம் யாரோ பீடியைப் போட்டுவிட்டுப் போய் ஒரு பக்கத்து மலையே எரிந்துவிட்டதாம். இனி யாரிடமாவது தீப்பெட்டி இருந்தால் கேஸ் போடுவார்களாம். பெண் காவலர் இல்லாததால் எங்களை யாரும் தொட்டுச் சோதிக்கவில்லை. சுடிதாருக்கு மேல் இடுப்பில் இறுக்கிக் கட்டியிருந்த துண்டை அக்கா ஒருதரம் தடவிப் பார்த்துக்கொண்டார். கற்பூரத்தோடு தீப்பெட்டியும் அதற்குள்தான் என்று எனக்குப் புரிந்துவிட்டது.

மரத்தடியில் தனியாக இழுத்துப்போய்க் கேட்டேன். முதலில் முறைத்தார், நான் மோப்பம் பிடித்துவிட்டதால் பிறகு வேறு வழியில்லாமல் சொன்னார். அவர் ஊரில் ஒரு மலை இருக்கிறது. பிள்ளைக்காக வேண்டிக்கொண்டால் பெற்றவள் தன் காலால் ஏறி, உச்சியில் தன் கையால் கற்பூரம் ஏற்ற வேண்டும். ஏற்றி முடிக்கிற வரைக்கும் யாரிடமும் சொல்லக் கூடாது. வெளிநாட்டு ஆர்டர் வந்துவிட்டதால் அவருக்கு லீவு கிடைக்கவில்லை. நாள் நெருங்கிக்கொண்டே வந்த நேரத்தில் கம்பெனியே ஒரு மலையைக் காட்டியது.

"எந்த மலையா இருந்தா என்னடி, மலைன்னா சாமிதான். ஒரு வில்லை. ஒரு நிமிஷம். யாருக்குத் தெரியப் போவுது?"

"வேண்டாங்க்கா. காத்தப் பாருங்க."

"போன தடவ நான் ஏறல. என்னா ஆச்சின்னு உனக்கே தெரியும்."

வழிகாட்டியிடம் சொல்லிவிடலாம். சொன்னால் கேஸ். கேஸ் என்றதும் அக்காவுக்கு வேலை போவது, டி.வி.யில் நாங்கள் துப்பட்டாவால் முகத்தை மூடிக்கொண்டு நடப்பது வரைக்கும் எனக்குப் படமாக ஓடிவிட்டது. சொல்லாவிட்டால் மலை எரியும். நடுவில் என் மண்டைக்குள் இன்னொன்றும் முளைத்தது. நான் பெரிய பக்தை இல்லை, கோயிலில் செருப்புக்குத்தான் முதல் கவலைப்படுவேன். ஆனாலும், நான் தடுத்து, அதற்கப்புறம் அந்தப் பெண்ணுக்கு ஏதாவது ஆகிவிட்டால்? சொன்னாலும் பயம், சொல்லாவிட்டாலும் பயம் என்று நான் வாயைத் திறக்காமல் ஏற ஆரம்பித்தேன்.

அந்த மலை அழகானதென்று மற்றவர்கள் எடுத்த போட்டோக்களைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். நான் பார்த்ததெல்லாம் அக்காவின் இடுப்புத் துண்டைத்தான். சோலைக்காடு முடிந்து புல்வெளி தொடங்கியதும் இடுப்புயரத்துக்குப் பொன் நிறத்தில் புல், காலில் உரசும்போது சரசரவென்று சத்தம். அந்தச் சத்தமே எனக்கு நெருப்புச் சத்தமாகக் கேட்டது. ஒரு திருப்பத்தில் வழிகாட்டி நின்று எதிர்ப்பக்கச் சரிவைக் கை காட்டினார். கரி பூசினாற்போலக் கிடந்தது. நடுவே பட்டுப்போன மரங்கள் நின்றன. எல்லாரும் உச்சுக்கொட்டினார்கள். அக்காவும் பார்த்தார், பிறகு முன்னைவிட வேகமாக ஏறினார். மனம் மாறுவார் என்று நினைத்த நான் அவரை விட்டுவிடாமல் பின்னாலேயே ஓடினேன்.

உச்சியில் காற்று ஆளைத் தள்ளியது. மற்றவர்கள் துப்பட்டாவைப் பறக்கவிட்டு செல்ஃபி எடுத்தார்கள், வழிகாட்டி அவர்கள் விளிம்புக்குப் போய்விடாமல் பார்த்துக்கொண்டிருந்தார். அக்கா சத்தமில்லாமல் ஒரு பெரிய பாறைக்குப் பின்னால் போனார். நானும் போனேன், ஆனால் கிட்டே போகத் தைரியமில்லாமல் கொஞ்சம் தள்ளி நின்றுவிட்டேன். அவர் எனக்கு முதுகைக் காட்டிக் குந்தி உட்கார்ந்து, ஒரு தட்டைக் கல்லில் கற்பூரத்தை வைத்தார். காற்றை மறைக்கத் துண்டை விரித்துப் பிடித்தார். தீப்பெட்டியைத் திறந்து குச்சியை எடுத்தார். கத்த வேண்டும் என்று எனக்குத் தெரிகிறது, கத்தவில்லை.

குச்சி கையிலேயே இருந்தது. அவர் அதைக் கிழிக்கவில்லை. தலையைக் குனிந்து எதையோ பார்த்தபடி அப்படியே உட்கார்ந்திருந்தார். பிறகு குச்சியைப் பெட்டிக்குள் போட்டார், கற்பூரத்தை எடுத்துக் கைக்குள் மூடிக்கொண்டார், எழுந்திருக்காமலே குந்தின வாக்கில் பின்னால் நகர்ந்து வந்து அப்புறம் எழுந்தார். என்னைக் கடந்து நேராக வழிகாட்டியிடம் போய்த் தீப்பெட்டியை நீட்டினார். அவர் பெட்டியைப் பார்த்தார், அக்காவின் முகத்தைப் பார்த்தார், வாங்கிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். கேஸும் இல்லை, திட்டும் இல்லை.

இத்தோடு தீர்ந்தது என்று நினைத்தேன். இறங்கும்போதுதான் அக்காவின் முகம் வேறாக இருந்ததைப் பார்த்தேன். கற்பூரம் இன்னும் கைக்குள்ளேயே இருந்தது. "ஏத்தாத கற்பூரத்த மலைய விட்டு எறக்கக் கூடாதுடி" என்றார். அவர் ஊர் வழக்கம் அதுவாம். அப்படியானால் அங்கேயே வைத்துவிட்டு வந்திருக்கலாமே என்றேன். "ஏத்தாம, வேண்டாதத தூக்கிப் போடற மாதிரி சாமிகிட்ட விட்டுட்டு வர்றதா?" என்றார். காற்று அடித்ததென்று சாமிக்குத் தெரியாதா என்று ஏதோ ஆறுதல் சொன்னேன். எனக்கே அது எடுபடவில்லை, அவருக்கு எப்படி எடுபடும்?

தங்கின வீடு காப்பித் தோட்டத்துக்குள் இருந்தது. டவர் கிடையாது. பொழுது சாயும்போது அக்கா தன் பட்டன் போனை மேலே தூக்கிப் பிடித்தபடி காப்பிக்கொட்டை காயும் களத்தைச் சுற்றிச் சுற்றி வந்தார். கிணற்று மேட்டில் ஏறிப் பார்த்தார், வண்டியின் படியில் ஏறிப் பார்த்தார். மற்றவர்கள் பாட்டுப் போட்டு ஆடினார்கள். அவர்களுக்கு விஷயம் தெரியாது, நானும் சொல்லவில்லை. வாழ்க்கையில் முதல் தடவையாக அக்கா என்னிடம், "ஒண்ணும் ஆவாதில்ல?" என்று கேட்டார். "ஆவாதுக்கா, பார்த்துக்கலாம்" என்று அவர் வார்த்தையை அவருக்கே சொன்னேன். அதை நம்பித்தான் சொன்னேனா என்று கேட்டால் இல்லை.

மறுநாள் காலை தோட்டத்தை விட்டுக் கிளம்பி முதல் ஊர் வந்ததும் கம்பெனி வேனுக்குள் எல்லார் போனும் ஒரே நேரத்தில் கூவின. அக்கா தன் போனைத் திறக்காமலே என்னிடம் கொடுத்தார். "நீ பாரு." மருமகனிடமிருந்து வரிசையாகத் தவறிய அழைப்புகள். திரும்பக் கூப்பிட்டேன். முந்தின நாள் இரவு பிரஷர் ஏறிவிட்டது, ஓசூரில் ஒரு ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறோம், இறங்காவிட்டால் சாயங்காலம் ஆபரேஷன் செய்து பிள்ளையை எடுத்துவிடுவார்கள் என்றார் மருமகன். அதை நான் அக்காவிடம் சொன்னபோது அவர் அழவில்லை. "ஓசூருக்கு வுடச் சொல்லு" என்று மட்டும் சொன்னார். பெங்களூருக்குள் நுழைந்து, நெரிசலில் ஊர்ந்து, ஓசூர் ரோட்டில் எங்கள் கம்பெனி வாசலைக் கடந்து போனபோது ஷிப்டு விட்டுக் கூட்டம் வந்துகொண்டிருந்தது. அந்த வழி நெடுகக் கற்பூர வாசனை என் மூக்கை விட்டுப் போகவில்லை. பின்னால் ஒருத்தி, யாருக்கோ சளியா, தைலம் தேய்த்திருக்கிறீர்களா என்று கேட்டாள்.

பிள்ளை பிழைத்தது. தாயும் பிழைத்தாள். கோழிக்குஞ்சு மாதிரி இருந்ததைக் கண்ணாடிப் பெட்டியில் பல நாள் வைத்திருந்து கொடுத்தார்கள். இப்போது அந்தப் பேத்தி பால்வாடிக்குப் போகிறாள். அக்கா வேலையை விட்டுவிட்டு ஓசூரில் அவளுக்குப் பின்னால் சோற்றுக் கிண்ணத்தோடு ஓடிக்கொண்டிருக்கிறார். எங்கள் லைனுக்கு இப்போது நான்தான் லீடர். கம்பெனி இப்போதெல்லாம் ஏ.சி. ரிசார்ட்டுக்குத்தான் கூட்டிப்போகிறது. யாருக்கும் எதற்கும் பயமில்லை. முடிவு நல்லபடியாக ஆனது எனக்குத் தெரியும், இருந்தும் அன்றைய சாயங்காலத்தை நினைத்தால் இன்றைக்கும் எழுந்துபோய்க் கேஸ் சிலிண்டரை ஒருதரம் பார்த்துவிட்டு வருகிறேன். நல்ல சேதி வருவதற்கு முன்னால் நாங்கள் ஆபரேஷன் தியேட்டருக்கு வெளியே இரும்பு நாற்காலியில் உட்கார்ந்திருந்த நேரம் அது.

உள்ளே கொண்டுபோய் வெகு நேரமாகியிருந்தது. மருமகன் ரத்தம் ஏற்பாடு செய்ய ஓடியிருந்தார். இதைக் கேட்கிற நேரமா என்று தெரிந்தும் என்னால் அடக்க முடியவில்லை. "ஏங்க்கா கொளுத்தல?" என்று கேட்டுவிட்டேன். வழிகாட்டிக்குப் பயந்தார், அல்லது நான் பின்னால் நின்றதைப் பார்த்துவிட்டார் என்றுதான் நான் அதுவரை நினைத்திருந்தேன்.

"கல்லுக்குப் பக்கத்துல புல்லுக்குள்ள ஒரு குருவி ஒக்காந்திருந்துச்சிடி" என்றார். "என் கைக்கும் அதுக்கும் ஒரு மொழந்தான். குச்சிய எடுக்கறேன், என்னியவே பார்க்குது. பறந்து போவும்னு பார்த்தேன், போவல. முட்ட மேல ஒக்காந்திருக்குது. ஒடம்பு வெடவெடன்னு ஆடுது, எழுந்திருக்க மாட்டேங்குது."

அவர் தியேட்டர் கதவைப் பார்த்தார்.

"புள்ளத்தாச்சிப் பொண்ணுக்குன்னு வேண்டிக்கினு, இன்னொரு புள்ளத்தாச்சி கிட்ட எப்பிடிடி நெருப்பு வெப்பேன்?"

கதவு திறக்கவில்லை. உள்ளே என்ன ஆகிறதென்று அவருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. "இப்ப மறுக்கா அங்க கொண்டும்போயி வுட்டாலும் கொளுத்த மாட்டேன்" என்றார். பிறகு என் கையை இழுத்துத் தன் மடியில் வைத்து இறுக்கிப் பிடித்துக்கொண்டு, "ஆனா பயமா இருக்குதுடி" என்றார்.