வாடியும் உதிராதவை

பண்டாரவளையில் ரயில் ஏறியபோது எதிர் இருக்கையில் ஓர் அம்மா இருந்தார். மெலிந்த உடல், தேயிலைக் கொழுந்துக் கறை ஏறிய விரல்கள். வடையை இரண்டாகப் பிட்டு, ஒரு பாதியை என்னிடம் நீட்டிய பிறகே உண்டார். என் மடியில், காலஞ்சென்ற என் மனைவியின் சேலைகள் நிறைந்த பை இருந்தது. அவற்றைப் பதுளை முதியோர் இல்லமொன்றில் கொடுத்துவிடுவதாக மகளுக்கு வாக்களித்திருந்தேன்.

பாதையோர வாழைகளில் சருகுகள் தொங்கின.

“காஞ்சும் விழ மாட்டேங்குது பாருங்க ஐயா” என்றார்.

நான் தாவரவியல் கற்பித்தவன். வாடிய உறுப்பு உதிராமல் செடியிலேயே நிற்பதை ‘மார்செசென்ட்’ என்பார்கள் என்றேன். பூசணிப் பிஞ்சின் நுனியில் ஒட்டியிருக்கும் வாடிய பூவுக்கும் அச்சொல் பொருந்தும் என்றேன்.

அவர் சிரித்துவிட்டார். “அப்ப எங்க வீட்டுக்காரருக்கும் அதாங்க பேரு. தோட்டத்து வேலையில இருந்து நின்னுட்டாரு. ஆனா விடிஞ்சா, வேலைக்குப் பேர் கூப்பிடுற பெரட்டுல போயி நிக்கிறாரு. அவரு பேரை யாரும் கூப்பிடுறதில்ல. மானம் போகுது, தடுத்து வைங்கன்னு மகன் சத்தம் போடுறான்.”

வெளியே வாழைச் சருகுகளைப் பார்த்தபடி கேட்டார்: “அதப் பிடுங்கி விட்டாத்தான் செடிக்கு நல்லதுங்களா?”

“அப்படியே இருந்தாலும் செடிக்குக் கேடில்லை.”

“அப்ப அவரு போயி நிக்கட்டும். மகன்கிட்ட நான் சொல்லிக்கிறேன்.”

தெமோதரையில் அவர் இறங்கிப் போனார். பையைப் பற்றி நான் எதுவும் சொல்லியிருக்கவில்லை. பதுளையில் இறங்கிய நான் முதியோர் இல்லத்துக்குப் போகவில்லை. அடுத்த ரயிலில் சேலைகளோடு வீடு திரும்பினேன். முகம் அறியாத அந்தக் கணவர் மறுநாளும் விடியலில் பெரட்டுக்குப் போவார் என்ற எண்ணம் வழியெல்லாம் எனக்கு ஏனோ ஆறுதலாக இருந்தது.