முப்பத்தோராம் நாளுக்கு ஒரு கட்டுரை

எங்கள் பக்கத்தில் ஒருவர் செத்தால் முப்பத்தோராம் நாளுக்கு நினைவு மலர் அடிக்க வேண்டும். முன்னால் படம், உள்ளே தேவாரம், பேரப்பிள்ளைகளின் புலம்பல் கவிதை, கடைசியில் எல்லாருக்கும் நன்றி. தேவாரம் இருப்பதால் அதை ஒருவரும் எறியமாட்டார்கள். சாமிப் படத்தடியில் வைத்துவிடுவார்கள். என் புத்தகங்களுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. காத்தான்குடியில் ஒரு கடையில் வடை சுற்றித் தந்த தாளில் என் பெயரை நானே வாசித்திருக்கிறேன்.

இந்த வருடம் மலர் அடிக்க வேண்டி வந்தது ஓர் அரசறிவியல் பேராசிரியருக்கு. பல்கலைக்கழகத்தில் எனக்கு அடுத்த அறைக்காரர். கல்விச் சீர்திருத்தம், அரச கொள்கை என்று வாழ்நாள் முழுக்க எழுதியவர். புது அரசு வந்தால் பழைய பாடத்திட்டத்தைத் தூக்கிப் போட்டுவிட்டு ஒரு குழு அமைக்கும். இவர் அந்தக் குழுவுக்கு, இதை இப்படி மாற்றலாம் என்று விதந்துரைகள் அனுப்புவார். அடுத்த அரசு, அடுத்த குழு, அதே விதந்துரைகள். அமைச்சரின் பெயரை மட்டும் மாற்றினால் போதும் என்று அவரே சொல்லுவார். என் நகைச்சுவைப் பத்திகளுக்கு ஒருநாளும் சிரிக்காத மனிசன், தன் விதந்துரைகளை வாசித்து விழுந்து விழுந்து சிரிப்பார்.

அவருக்குப் பிள்ளைகள் இல்லை. ஆகவே புலம்பல் கவிதைக்கும் ஆள் இல்லை. அந்தப் பக்கங்களை எதனால் நிரப்புவது என்று அவருடைய மனைவியின் தம்பி யோசித்தார். சீனி வருத்தத்துக்கு எதைச் சாப்பிடலாம், எதை விடவேண்டும் என்று போட்டால் நாலு பேருக்குப் பிரயோசனம் என்றார். அவர் சொன்னதில் பிழை ஒன்றுமில்லை. செத்தவருக்கும் நீரிழிவுதான்.

அக்கா வேறொன்று கேட்டார். பேராசிரியரின் மனைவியை நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். வாவிக்கு அந்தப் பக்கம், படுவான்கரையில் வேளாண்மைக் குடும்பத்தில் பிறந்தவர். பேராசிரியருக்குச் சொந்த மாமி மகள். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவர்.

“பின்னேரம் ஆனா அறைக்குள்ள போய்க் கதவச் சாத்துவார். தேத்தண்ணிய வாசல்ல வெச்சிட்டு வருவன். உள்ள என்னதான் எழுதினவர் எண்டு எனக்குத் தெரியா, தம்பி. நான் வாசிச்சா விளங்குற மாதிரி ஒண்டு எடுத்துத் தாங்க.”

ஒரு கிழமை தேடினேன். விளங்குகிற மாதிரி ஒன்றும் இல்லை. ‘பரவலாக்கப்பட்ட நிர்வாகக் கட்டமைப்பின்’ என்று தொடங்கும் வசனத்துக்கு வினைச்சொல் அடுத்த பக்கத்தில்தான் வந்தது. கடைசியில் ஒரு சின்னக் கட்டுரை அகப்பட்டது. பாடசாலை விடுமுறையை வேளாண்மை வெட்டோடு, அதாவது நெல் அறுவடையோடு, பொருத்த வேண்டும் என்ற விதந்துரை. அதை எடுத்துக்கொண்டு போய் அக்காவின் குசினியில் குந்தியிருந்து வாசித்து, வசனத்துக்கு வசனம் பேச்சுத் தமிழில் சொன்னேன். அவர் மீன் கழுவியபடி கேட்டுக்கொண்டிருந்தார்.

வெட்டுக் காலத்தில் குடும்பமே வட்டைக்குப் போய் வயலுக்குள் குடிசையாக ஒரு வாடி போட்டுத் தங்கும். பிள்ளைகளும் கூடவே போவார்கள். திரும்பி வரும்போது வகுப்பு எங்கேயோ போயிருக்கும். கட்டுரையில் ஒரு பிள்ளையின் கதை வந்தது. அந்தப் பிள்ளை தம்பியைப் பார்த்துக்கொள்ள வாடியில் நின்றுவிட்டது. வந்து பார்த்தால் வகுப்பில் பின்னக்கணக்கு நடக்கிறது. ஒன்றும் விளங்கவில்லை. ஆசிரியர் எழுப்பிக் கேட்டபோது வெட்கத்தில் சிறுநீர் போய்ப் பாவாடையோடு நனைந்துவிட்டது. அதன் பிறகு பள்ளிக்கூடம் போகவேயில்லை. ‘கள ஆய்வுத் தகவலாளி ஒருவர் தெரிவித்தது’ என்று அடியில் போட்டிருந்தது.

அக்காவின் கை நின்றது.

“அது நான்.”

நான் தாளைப் பார்த்தேன்.

“தம்பி எண்டது இவன்தான். சீனி வருத்தத்துக்குச் சாப்பாடு சொல்லித் தாறவன்” என்றார். சிரிக்க முயன்றார். சரிவரவில்லை.

கலியாணம் முடித்த புதிதில் ஒருநாள் பின்னேரம் பேராசிரியர் அறைக்குப் போகாமல் முற்றத்தில் வந்து குந்தினாராம். ஏன் படிப்பை விட்டாய், அந்த வாடி எப்படி இருக்கும், பிறகு என்ன நடந்தது என்று இருட்டும் வரைக்கும் கேட்டாராம். ஒருவருக்கும் சொல்லாததை அக்கா அன்றைக்குச் சொன்னார். அவர் குறுக்கே பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தாராம்.

“அண்டைக்கு மட்டும்தான் அவர் என்னட்ட அவ்வளவு நேரம் கதை கேட்டவர். எனக்காகக் கேக்காரு எண்டு நினைச்சன்.”

அக்காவுக்காகவும் கேட்டிருப்பார் என்று சொல்ல நினைத்தேன். ஆனால் பக்கத்து அறையில் அத்தனை வருடம் இருந்தும் எனக்கு அது நிச்சயமாகத் தெரியாது. அதனால், ஆய்வில் பெயர் போடுவதில்லை, அது ஒரு மரியாதை என்றேன். வகுப்பில் சொல்லுகிற குரல் வந்தது.

“பிறகு லீவ மாத்தினவங்களா?”

“இல்ல, அக்கா. மெஷின் வந்திட்டு. இப்ப வெட்டுக்கு ஆக்களே போறல்ல.”

அவர் மறுபடி மீனைக் கழுவத் தொடங்கினார். ஏற்கனவே கழுவிய மீன்தான். நான் கட்டுரையை மடித்து, வேண்டாமென்றால் தேவாரத்தோடு நிறுத்திவிடலாம் என்றேன். தண்ணீரை ஊற்றிவிட்டு, கையைச் சீலையில் துடைத்துக்கொண்டு சொன்னார்:

“போடுங்க. ஆரெண்டு ஒருத்தருக்கும் தெரியாதுதானே. அந்த நனைஞ்ச கதைய மட்டும் எடுத்துவிடுங்க.”

எடுத்துவிட்டேன். அதை எடுத்த பிறகு, அந்தப் பிள்ளை ஏன் பள்ளிக்கூடம் போகவில்லை என்பது கட்டுரையில் இல்லாமல் போனது. ஒருவரும் கேட்கவில்லை.