செவ்வாய்பேட்டைச் சுவரில் செங்கோடண்ணன் முகம்

ஆனி மாதத்திலேயே மேட்டூர் அணை நிரம்பி, மாங்காய் விலை போகாமல் ரோட்டோரம் கொட்டிக் கிடந்த வருஷம் இது. எங்கள் வீட்டில் மூத்த பேத்திக்குக் காலேஜில் இடம் கிடைத்ததும், எனக்கு இடது கண்ணில் புரை எடுத்ததும் இதே வருஷம்தான். கண் தெளிந்த பிறகு, ஆடி மாதத்து இரண்டாவது புதனும் வியாழனும் சேலத்தைச் சைக்கிளில் சுற்றினேன்.

எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது. என் மருமகன் ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரு கூட்டத்தோடு சைக்கிளில் ஊர் சுற்றுகிறவர். அந்தக் கூட்டத்துக்கு ஒரு வலைப்பக்கம் இருக்கிறது. நான் சொல்லச் சொல்ல அவர் அடித்துத் தருகிறார். சேலத்துச் சுவர் ஓவியங்களைப் பார்க்க வருகிறவர்களுக்கு வழி சொல்லுங்கள் மாமா என்றார். சொல்கிறேன். ஆனால் நான் போனது ஒரே ஒரு சுவருக்காக.

பேத்திதான் போனில் காட்டினாள். செவ்வாய்பேட்டை மார்க்கெட் பக்கம் ஒரு குடோன் சுவரில் பழைய லாரி ஒன்றை வரைந்துகொண்டிருந்தார்கள். லாரிக்கு முன்னால் மூன்று ஆட்கள். நடு ஆளுக்கு முகம் இல்லை. 'பழைய போட்டோவைப் பார்த்து வரைகிறோம், இவர்களைத் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்' என்று கீழே எழுதியிருந்ததாம். எனக்கு அந்த எழுத்து வேண்டியிருக்கவில்லை. லாரியின் நெற்றியில் ஒரு கருடன் இருந்தது. ஒரு றெக்கை நீளம், ஒன்று குட்டை. நாமக்கல் பட்டறையில் பாடி கட்டியபோது, பெயின்டர் இடம் போதாமல் ஒரு றெக்கையைச் சுருக்கிவிட்டார். அது நாங்கள் ஓட்டிய வண்டி. வலது ஓரத்தில் கையைக் கட்டிக்கொண்டு நிற்பது நான், இரண்டாவது டிரைவர். இடது ஓரம் கிளீனர் மாரி. நடுவில் முகம் இல்லாமல் நிற்பவர் முதல் டிரைவர் செங்கோடண்ணன்.

எமர்ஜென்சி முடிந்து எலெக்ஷன் நடந்த வருஷம், புது வண்டிக்கு மாலை போட்டு சங்ககிரியில் எடுத்த போட்டோ அது. மாரி போன வருஷம் இறந்துவிட்டான். அவன் மகள் அதைப் பெட்டியிலிருந்து எடுத்து ஓவியக்காரர்களிடம் கொடுத்திருக்கிறாள். ஓதம் ஏறி நடு முகம் மட்டும் கரைந்துவிட்டது. செங்கோடண்ணன் போய் முப்பது வருஷம் ஆகிறது. அந்த முகத்தைச் சொல்ல என்னை விட்டால் யார் இருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டுதான் கிளம்பினேன்.

சங்ககிரியில் காலை ஐந்தே முக்கால் பஸ். கொண்டலாம்பட்டிக்கு முப்பத்தைந்து ரூபாய், ஏழு மணிக்குள் இறங்கிவிட்டேன். அங்கேதான் மகள் வீடு. மருமகன் தன் கியர் சைக்கிளை நீட்டினார். அதில் ஏறினால் கும்பிடு போடுகிற மாதிரி குனிய வேண்டியிருக்கிறது. பக்கத்து வீட்டுத் தறிக்காரரின் பழைய சைக்கிளை வாங்கிக்கொண்டேன். காற்றடிக்கப் பத்து ரூபாய்.

கொண்டலாம்பட்டியிலிருந்து குகைக்கு ஐந்து கிலோமீட்டர் சொச்சம். வழியில் மேம்பாலத்துத் தூண்களில் மாம்பழம், மயில், தறி நெய்யும் பெண் என்று வரைந்திருக்கிறார்கள். எட்டு மணிக்குமேல் அந்த ரோட்டில் நின்று பார்க்க முடியாது, பஸ்காரர்கள் காதைக் கிழித்துவிடுவார்கள். குகைக்குள் நுழைந்தால் வேறு ஊர். சந்துக்குச் சந்து தறிச் சத்தம் கேட்கிறது, சாயம் போட்ட நூல் காய்கிறது. ஆடிப் பண்டிகையில் வண்டிகளில் சாமி வேஷம் கட்டி ஊர்வலம் வருவார்கள், வண்டி வேடிக்கை என்று பேர். அதை ஒரு நீளச் சுவர் முழுக்க வரைந்திருக்கிறார்கள். வேஷக்காரர் ஒருவர் கிரீடத்தோடு டீ குடிக்கிற மாதிரி ஓரத்தில் ஒரு படம் இருக்கிறது, தவற விடாதீர்கள்.

குகையிலிருந்து செவ்வாய்பேட்டை இரண்டரை கிலோமீட்டர்தான். எனக்கு ஒரு மணி நேரம் ஆனது. லாரி ஓட்டிய காலத்தில் ஊர்ப் பலகையைப் படிக்க முடியாத எனக்குச் சுவர்தான் அடையாளம். பல்பொடி விளம்பரத்துக் கிளி வந்தால் இடது, சிமென்ட் விளம்பரத்து யானை வந்தால் வலது. அந்த யானையைத் தேடிக்கொண்டு மூன்று தரம் அதே தெருவைச் சுற்றினேன். யானை இருந்த சுவரே இல்லை, அங்கே நாலு மாடி நிற்கிறது. கடைசியில் ஒரு பூக்காரம்மா கையைப் பிடிக்காத குறையாகத் திருப்பிவிட்டார்.

குடோன் சுவர் நாலு ஆள் உயரம். சாரத்தின் மேல் ஒரு பெண் நின்று வரைந்துகொண்டிருந்தாள். பேர் கவிதா, அம்மாப்பேட்டைப் பெண். நான் யார் என்று சொன்னதும் தூரிகையைப் போட்டுவிட்டு இறங்கி வந்தாள். எதிர் டீக்கடைக்காரர் என்னையும் சுவரையும் மாறி மாறிப் பார்த்தார். "சுவத்துல இருக்கறவருக்கு முடி இருக்குதுங்களே பெரியவரே" என்றார். மூக்கையும் கொஞ்சம் நேராக்கித்தான் வரைந்திருந்தார்கள். நான் ஆட்சேபிக்கவில்லை. டீ பன்னிரண்டு ரூபாய், என்னிடம் வாங்க மாட்டேன் என்றுவிட்டார்.

பண்டிகைக் கூட்டம் வருவதற்குள், வெள்ளிக்கிழமை சாரத்தைப் பிரித்துவிட வேண்டும் என்று குடோன்காரர் சொல்லியிருந்தாராம். முகம் கிடைக்காவிட்டால் அந்த இடத்தில் ஒரு வேப்பமரக் கிளையை இறக்கி மறைத்துவிடலாம் என்று அவர்கள் முடிவு செய்திருந்தார்கள். எனக்கு அது பொறுக்கவில்லை. நான் சொல்கிறேன், நீ வரை என்றேன்.

வண்டி நம்பர் சொன்னேன். சோலாப்பூர் ரோட்டில் எந்தெந்த இடத்தில் நிறுத்துவோம், அண்ணன் எந்த டயரை முதலில் தட்டிப் பார்ப்பார் என்றெல்லாம் சொன்னேன். கவிதா சாக்பீஸோடு காத்திருந்தாள். "முகம் தாத்தா" என்றாள். நெற்றி அகலமா என்று கேட்டாள். அகலம் என்றேன். வரைந்தாள். அது அண்ணன் இல்லை. புருவத்தை மாற்றினாள், கண்ணை இறக்கினாள், மீசையை ஒதுக்கினாள். ஒவ்வொன்றும் யாரோ ஒருவராக வந்து நின்றது. ஏழெட்டு முகம் அழித்த பிறகுதான் எனக்கு உறைத்தது. அண்ணன் முகம் நேராக என் நினைவில் இல்லை.

"பத்து வருஷம் ஒண்ணா இருந்தீங்க. நேரா பார்த்ததே இல்லையா?" என்றாள்.

"நேரா பார்த்துக்கிட்டிருந்தா வண்டி பள்ளத்துல போயிரும் சாமி."

அவள் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. பார்த்திருப்பேன், பார்க்காமலா இருந்திருப்பேன். மனதில் நின்றது வேறு. இரவெல்லாம் அவர் ஓட்டுவார், நான் அவருக்கு இடது பக்கம் உட்கார்ந்திருப்பேன். எதிர் வண்டி வெளிச்சம் அடிக்கும்போது அவருடைய இடது கன்னம் தெரியும், போனதும் மறையும். நான் ஓட்டும்போது அவர் பின் பலகையில் தூங்குவார். டீ குடித்தாலும் இரண்டு பேரும் வண்டியைப் பார்த்துத்தான் நிற்போம்.

இதைச் சொன்னதும் கவிதா கடைசியாக வரைந்ததையும் அழித்தாள். "அப்ப அந்தப் பக்கத்தை மட்டும் சொல்லுங்க" என்றாள்.

காது மடல் தடித்து, கடுக்கன் போட்ட ஓட்டை தொங்கியிருக்கும் என்றேன். காதில் பாதி பீடி. தாடையில் ஜாக்கி கைப்பிடி அடித்த தழும்பு. மேலுதடு கொஞ்சம் முன்னால் துருத்தும், ஏற்றத்தில் கியர் மாற்றும்போது இன்னும் துருத்தும். அவள் கை நிற்கவேயில்லை. கால் மணி நேரத்தில் செங்கோடண்ணன் சாக்பீஸில் அங்கே இருந்தார். நான் சைக்கிள் பாரைப் பிடித்துக்கொண்டேன்.

இருந்தாலும் கவிதாவுக்கு மனம் ஒப்பவில்லை. மூவரில் இருவர் நேராகப் பார்க்க, நடு ஆள் மட்டும் திரும்பி நிற்பது சரியாக இருக்குமா, நேராகப் பார்த்தவர் யாராவது உண்டா என்று கேட்டாள். ஒருவர் உண்டு, அண்ணனின் சம்சாரம், ஓமலூர்ப் பக்கம் என்றேன். நாளை மாலைவரை காத்திருக்கிறேன் என்றாள். சாக்பீஸ் முகத்தை என் போனில் படம் பிடித்துக் கொடுத்தாள். அன்று சாயங்காலம் தட்டுவடை செட் ஒரு தட்டு முப்பது ரூபாய்க்கு வாங்கித் தின்றேன். சேலம் வருகிறவர்கள் தின்ன வேண்டியதுதான். எனக்குத்தான் அன்று ருசி தெரியவில்லை.

அண்ணன் இறந்தபோது நான் லோடு ஏற்றிக்கொண்டு வடக்கே இருந்தேன். பதினாறாம் நாள் காரியமும் முடிந்த பிறகு மாரியோடு ஒரு தரம் போய் வாசலில் நின்று துக்கம் கேட்டுவிட்டு வந்தேன். அதற்கப்புறம் அந்தப் பக்கம் போகவில்லை. சண்டையும் இல்லை, மனத்தாங்கலும் இல்லை. போகவில்லை, அவ்வளவுதான்.

மறுநாள் காலை ஐந்தரைக்குக் கொண்டலாம்பட்டியில் மிதிக்க ஆரம்பித்தேன். ஐந்து ரோடு, கருப்பூர் வழியாக ஓமலூருக்கு இருபது கிலோமீட்டர், அங்கிருந்து தாரமங்கலம் ரோட்டில் இன்னும் மூன்று. ஹைவேயில் ஏறாதீர்கள், சர்வீஸ் ரோட்டிலேயே போங்கள். இடையில் நாலு இடத்தில் இறங்கி உட்கார்ந்தேன். அந்த ஊர்த் திருப்பத்தில் ஆயில் இன்ஜின் விளம்பரத்துக்கு ஒரு காளை வரைந்திருக்கும். அதுவும் இல்லை. பெட்டிக்கடையில் செங்கோடன் வீடு எது என்று கேட்டேன்.

"எந்தச் செங்கோடனுங்க? தெருவுக்கு மூணு பேரு இருக்காங்க. சம்சாரம் பேரு சொல்லுங்க" என்றார் கடைக்காரம்மா.

எனக்குத் தெரியவில்லை. பத்து வருஷம் அந்த வீட்டில் சோறு தின்றிருக்கிறேன். அக்கா என்றுதான் கூப்பிட்டது. அடுத்தவர் சம்சாரத்தின் பேரை யார் கேட்பார்கள். லாரி ஓட்டினவர் என்று சொன்னதும், "அப்ப லாரிக்காரம்மா ஊடு" என்று கையைக் காட்டினார்.

அக்கா விதைக் கடலை உடைத்துக்கொண்டிருந்தார். எண்பது வயது இருக்கும். யார் என்று சொன்னேன். கடலையை நிறுத்தவில்லை.

"இப்பத்தான் வழி தெரிஞ்சுதா முத்து?" என்றார்.

போனை எடுத்து நீட்டினேன். கிட்ட வைத்துப் பார்த்தார், தள்ளி வைத்துப் பார்த்தார்.

"யாரு இது?"

"அண்ணனுங்க அக்கா."

"இல்ல."

காதைப் பாருங்க, தழும்பைப் பாருங்க என்றேன். போனை மறுபடி கண்ணுக்குக் கிட்டே கொண்டுபோனார்.

"காது அவரு காதுதான். ஆனா ஊட்டுக்கு வந்தா எதுத்தாப்புல உக்காந்து சோறு திம்பாரு. ரெண்டு நாளோ மூணு நாளோ. ஆரன் சத்தம் கேட்டா எந்திரிச்சுப் போயிருவாரு. இப்பிடி அந்தாண்ட பார்த்துட்டு இருக்கற மூஞ்சிய நான் எங்க கண்டேன்." மறுபடி படத்தைப் பார்த்தார். "எதைப் பார்த்துட்டு இருக்காரு?"

"ரோட்டைங்க."

வீட்டில் போட்டோ ஏதும் இருக்கிறதா என்று கேட்டேன். லைசென்ஸ் ஒன்று இருந்ததாம், இரண்டு வருஷம் முன்பு ஓடு மாற்றியபோது மழையில் போய்விட்டது. நேர் முகத்தைச் சொல்லுங்க, அந்தப் பெண் வரைந்துவிடுவாள் என்றேன். முன்பல் இரண்டுக்கும் நடுவில் சந்து இருக்கும் என்று ஆரம்பித்தவர், அதோடு நிறுத்திவிட்டார்.

"வேண்டாம். இப்பிடியே உட்ரச் சொல்லு. நாளெல்லாம் அவரு இந்த மூஞ்சியோடதான் இருந்திருக்காரு. நானும் பார்த்துக்கறேன்."

போனைத் திருப்பித் தர வெகுநேரம் ஆனது. கடலையை நான் உடைத்துக்கொண்டிருந்தேன். எந்த வருஷம் வந்திருந்தாலும் இந்தப் பாதி முகத்தை வாயாலாவது சொல்லியிருக்கலாம். அவரும் தன்னிடம் இருந்ததைச் சொல்லியிருப்பார். முப்பது வருஷம் இருபத்து மூன்று கிலோமீட்டரை நான் மிதிக்கவில்லை.

வருகிறவர்களுக்குச் சில விஷயம். பழைய சைக்கிள் போதும், பூட்டு நல்லதாக இருக்கட்டும். குகைக்குப் போகிற வழியில் பாலத்துத் தூண்களை எட்டு மணிக்குமுன் பாருங்கள். செவ்வாய்பேட்டைச் சுவரில் காலை வெயில் நேராக விழும், பத்து மணிக்குமேல் லோடு லாரிகள் மறைத்துக்கொள்ளும். சுவரை அடையாளம் வைத்து யாருக்கும் வழி சொல்லாதீர்கள். யாரையாவது பார்க்க வேண்டும் என்று நினைத்திருந்தால் சுவரை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம், முதலில் அங்கே போங்கள்.

கவிதா வெள்ளிக்கிழமை காலை வண்ணத்தை முடித்துச் சாரத்தைப் பிரித்தாள். நானும் மாரியும் நேராகப் பார்க்கிறோம். அண்ணன் மாரி தலைக்கு மேலாக மார்க்கெட் ரோட்டைப் பார்க்கிறார். அடியில் எங்கள் மூவர் பேரும் எழுதியிருக்கிறது, என் பேர் எது என்று அவள் தொட்டுக் காட்டினாள். நாலாவதாக இன்னொரு பேரும் எழுதச் சொன்னேன். மாரி இல்லை, கருடன் போட்ட பெயின்டர் இல்லை, வண்டியும் இரும்புக் கடைக்குப் போய்விட்டது. செங்கோடண்ணனை எதிரில் உட்கார்ந்து பார்த்தவர்களில் இன்னும் இருப்பவர் ஒருவர்தான். அன்று அக்கா வீட்டிலிருந்து கிளம்பும்போது சைக்கிளில் கால் வைத்தபடியே கேட்டேன், அக்கா உங்க பேரு என்னங்க என்று. இந்த வயசுல எம்பேரு யாருக்குடா வேணும் என்று சிரித்துவிட்டுச் சொன்னார். பாவாயி.