மீசை வைத்த சக்களத்தியைத் தேடிக் காந்தலூருக்கு

காந்தலூருக்கு ஆப்பிள் தோட்டம் பார்க்கப் போகிறவர்கள் உண்டு, குளிருக்காகப் போகிறவர்கள் உண்டு. நான் ஒரு முகமூடியைத் திரும்பக் கேட்கப் போனேன். அக்டோபர் கடைசி வாரம், விடாத மழை, வலது முழங்காலில் வீக்கம். நவம்பர் இரண்டு, கல்லறைத் திருநாளுக்குள் அது பாலக்காட்டுக்குப் பக்கத்தில் எங்கள் ஊரான கஞ்சிக்கோட்டுக்கு வந்தாக வேண்டும். இல்லையென்றால் இந்த வயதில் யார் மலை ஏறுவார்கள்?

என் கணவர் ஜாம்பியாவின் வடமேற்கில் ஒன்பது வருடம் கணக்கு வாத்தியாராக இருந்தார். அங்கே சொக்வே மக்களிடம் 'ப்வோ' என்று ஒரு மர முகமூடி உண்டு. பெண் முகம், பாதி மூடிய கண்கள், கன்னத்தில் கண்ணீர்க் கோடுகள். ஊரில் மதிப்பான ஒருத்தியைப் பார்த்துப் பார்த்துச் செதுக்குவார்களாம். ஆனால் அதை அணிந்து ஆடுவது ஆண்கள். ஆடுகிறவன் சிற்பிக்குப் பித்தளை மோதிரம் ஒன்றைப் பரிசமாகப் போட்டுத்தான் அதை வாங்க வேண்டும். அவன் செத்தால் அதையும் அவனோடு புதைப்பார்கள்.

பள்ளிக்கூடத்துத் தச்சர் ஒருவர் அப்படி ஆடுகிறவர். முழங்கால் போய் ஆட முடியாமல் ஆனதும் தன் முகமூடியை இவரிடம் கொடுத்தார். இவரும் சளைக்காமல் ஒரு பித்தளை மோதிரத்தைக் கொடுத்துவிட்டு வந்தார்! அன்றிலிருந்து எங்கள் வரவேற்பறையில் தொங்கிய அந்த அழுமூஞ்சிக்கு நான் வைத்த பெயர் 'சக்களத்தி'. "நான் போனா இவளையும் எங்கூட அனுப்பிச்சிரு" என்று சிரித்துக்கொண்டே சொல்வார். கடைசியாக ஆஸ்பத்திரியில் சொன்னபோது சிரிக்கவில்லை.

நான் அனுப்பவில்லை. சொந்தக்காரர்கள் முன்னால் சவப்பெட்டிக்குள் அதை வைக்க வெட்கம் என்று இரண்டு வருடமாக எனக்கு நானே சொல்லி வந்தேன். பொய். என் புருஷனோடு இன்னொருத்தி படுப்பதா என்ற வீம்பு. அவர் இறந்த மாதமே, எங்கள் வீட்டு வேலையை விட்டுச் சொந்த ஊரான காந்தலூருக்குக் கிளம்பிய முருகேஸ்வரியிடம், பழைய பாத்திரங்களோடு அதையும் தூக்கிக் கொடுத்துவிட்டேன். அதற்குப் பிறகு ஒழுங்காகத் தூங்கியதில்லை.

போகிறவர்களுக்காக வழியைச் சொல்கிறேன். பாலக்காட்டில் காலை 6.10க்குப் பொள்ளாச்சி பஸ், 50 ரூபாய், ஒன்றரை மணி நேரம். பொள்ளாச்சியிலிருந்து உடுமலை 28 கிலோமீட்டர், 25 ரூபாய். நிற்கத்தான் இடம். "ஏனுங்க அம்மிணி, முன்னால போயி அந்தப் பொட்டி மேல உக்காந்துக்கோங்க" என்று கண்டக்டர் இன்ஜின் பக்கம் கைகாட்டினார். புண்ணியவான். உடுமலையில் மறையூர் பஸ்ஸுக்கு ஒன்றேகால் மணி நேரம் காத்திருந்தேன். 65 ரூபாய். சின்னாறு சோதனைச்சாவடி தாண்டியதும் யானை தெரியும் என்று எல்லோரும் ஜன்னலுக்குப் பாய்ந்தார்கள். நான் கண்ணைத் திறக்கவில்லை. மறையூரில் இறங்கும்போது மணி 12.40. அங்கிருந்து காந்தலூருக்கு 16 கிலோமீட்டர், ஜீப்புக்கு 400.

டிரைவருக்கு முருகேஸ்வரி வீடு தெரிந்திருந்தது. "மீசைக்காரி வீடுதானம்மா? வாசல்ல ஒரு கரும்பூதம் தொங்குமே, அதத்தான் நாங்க அடையாளம் சொல்லுவோம்" என்றார்.

முருகேஸ்வரி புதிதாக வீடு கட்டியிருந்தாள். நிலைக்கு மேலே, எல்லோரும் திருஷ்டி பொம்மை மாட்டுகிற இடத்தில், என் சக்களத்தி. முறுக்கிய வெள்ளை மீசை, இரண்டு கோரைப்பல், சிவப்பு நாக்கு, எல்லாம் எனாமல் பெயின்ட். கண்ணீர்க் கோடுகளில் சுவருக்குப் பூசுகிற பட்டியை அடைத்து மெழுகியிருந்தாள்.

"ஏங் கண்ணு, என்ன பண்ணி வெச்சிருக்கே!" என்று கத்திவிட்டேன்.

"என்னக்கா வந்ததும் வராததுமா வையிறீக? பொம்பள மூஞ்சிக்கு எவன் பயப்படுவான்? அதான் மீசை வச்சேன். புது வீட்டு வாசல்ல அழுதுக்கிட்டு இருந்தா நல்லாவா இருக்கும்?"

ஆப்பிரிக்காவில் ஓர் ஆண் பரிசம் போட்டுப் பெண் முகத்தைச் சுமக்கிறான், இங்கே பெண் முகத்துக்கு மீசை வைத்தால்தான் வாசலில் வேலை. எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. படியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன், என் வீம்பையும் சேர்த்து.

"இத மொதல்லயே சொல்லிருந்தா மாட்டிருப்பேனாக்கா? ஆனா எறக்குனா வாசல் வெறிச்சுன்னு இருக்கக் கூடாது" என்று உள்ளே போய் ஒரு சாம்பல் பூசணியோடு வந்தாள். அதில் மீசையும் பல்லும் வரைந்து மாட்டிய பிறகுதான் முகமூடி கீழே இறங்கியது.

மீதமிருந்த தின்னரை ஊற்றித் துணியால் தேய்த்தோம். நாக்கும் பல்லும் போயின. மீசையின் இடது பக்கம் போனபோது அதோடு பழைய செம்மண் மினுக்கும் கிளம்பி வந்தது. அந்தத் தச்சரும் என் கணவரும் தொட்டுத் தொட்டு ஏறிய மினுக்கு. "போதும், நிறுத்து" என்றேன். கன்னத்துப் பட்டியை மட்டும் முருகேஸ்வரி ஊக்கால் கோடு கோடாகக் கிளறி எடுத்தாள். மூன்று மணி நேரம் ஆனது.

சில விஷயங்கள். சின்னாறு காட்டுவழியை இருட்டுவதற்குள் தாண்டிவிடுங்கள். மழை மாதத்தில் குடையை நம்பாதீர்கள், ரெயின்கோட் வேண்டும். எந்த ஊரிலிருந்தாவது முகமூடி வாங்கினால் அதை அணிவது யார், எதற்கு என்று கேட்டுவிட்டு வாங்குங்கள், வீட்டில் மாட்டும்போது வீட்டாரிடமும் சொல்லிவையுங்கள். முழங்கால் வலிக்காரர்கள் போகவே வேண்டாம்.

திருநாளுக்கு முந்தின நாள், பங்குச் சாமியாரிடம் "அவருடைய பொருள் ஒன்று" என்று சொல்லி அனுமதி வாங்கினேன். குழி வெட்டுகிறவர் கல்லறைக்குள் இரண்டடி தோண்டினார். முகமூடியை மல்லாக்க வைக்கப் போனவரின் கையைப் பிடித்து நிறுத்தினேன்.

"கவுத்து வெய்யுங்க" என்றேன். "அவரப் பாத்து இருக்கட்டும்."

பாதி மீசையோடு, கன்னத்தில் கண்ணீரோடு, அவர் பக்கம் திரும்பிப் போனாள். இரண்டு வருடத்துக்கு முன்னால் நான் அழாத அழுகையை அங்கே உட்கார்ந்து அழுதேன்.