பெரிய வீட்டுக்காரரின் குரல்

ஓஷ் நகரில் துர்சுனைக்குக் கல்யாண வீடியோக்களை வெட்டி ஒட்டுவதுதான் வேலை. தோழி பெகிமாய் தான் எடுத்த ஆவணப்படம் ஒன்றைத் தொகுக்கக் கொடுத்தபோது வீட்டில் யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. வெளிநாட்டுக்காரனோடு பழகினாள் என்று பெண்களின் முகத்தை இணைய சேனலில் போட்டு, இனத்தைக் கெடுக்கிறவள், விடாதீர்கள் என்று ஆட்களை ஏவிவிடுகிற கும்பலைப் பற்றிய படம். அடிபட்ட பெண் ஒருத்தி, முகத்தை மறைப்போம் என்று வாக்கு வாங்கிக்கொண்டுதான் பேசியிருந்தாள். சேனலை நடத்துகிறவனும் பெயர் சொல்லாமல், முகமூடி போட்டுக்கொண்டு பேசியிருந்தான். இருவரையும் மறைப்பது துர்சுனையின் பொறுப்பு.

முகமூடிக்காரனின் குரலை மாற்றுவதற்காக ஹெட்போனை மாட்டினாள்.

"நம்ம பொண்ணுங்கள நாமதானே கண்டிக்கணும்? சரியா தப்பா, நீயே சொல்லு."

பின்னோக்கி ஓட்டி மறுபடியும் கேட்டாள். சாப்பாட்டு விரிப்பில் தினமும் கேட்கிற குரல். கணவனின் அண்ணன். அவர் பெயரை மருமகள் வாயால் சொல்லக் கூடாது. கல்யாணமாகி வந்த நாளிலிருந்து 'பெரிய வீட்டுக்காரர்' என்றுதான் அவளுக்குப் பழக்கம். அவர்கள் குடியிருப்பதும் அவர் வீட்டில்தான்.

பெகிமாய்க்குப் போன் போட்டாள்.

"அந்த முகமூடி யாருன்னு எனக்குத் தெரியும். எங்க பெரிய வீட்டுக்காரர்."

"விளையாடாத. பேரச் சொல்லு."

"சொல்லிட்டு நான் எங்கடி போய்ப் படுக்கறது?"

பெகிமாய் குரலைத் தாழ்த்தினாள். "அடிபட்ட பொண்ணோட மூஞ்சி மறைக்காத படமெல்லாம் உன்கிட்டதானே இருக்கு. கதவையாவது சாத்திக்க."

பெரியவர்கள் நடமாடும் நேரத்தில் மருமகள் கதவைச் சாத்திக்கொண்ட சரித்திரம் அந்த வீட்டில் இல்லை.

மறுநாள் மத்தியானத் தேநீருக்குப் பெரிய வீட்டுக்காரர் வந்து, வாசலுக்கு நேர் எதிரே, பெரியவர்களுக்கான மேல் இடத்தில் உட்கார்ந்தார். கணினி அதே அறையில்தான். திரையில் முகம் மங்கலாக்கப்பட்ட அந்த அடிபட்ட பெண்.

"யாரும்மா இது? மூஞ்சிய ஏன் அழிச்சு வச்சிருக்க?"

"வேலைக்கு வந்த படம், அத்தான்."

"அழிக்காதது இருக்குமே. காட்டு. பெரியவன் கேக்கறேன். சரியா தப்பா, நீயே சொல்லு."

ரொட்டி பிய்த்துக்கொண்டிருந்த கணவன் தலையை நிமிர்த்தவில்லை. "காட்டேன். அண்ணன்தானே கேக்கறாரு."

துர்சுனை கெட்டிலை எடுத்தாள். கிண்ணத்தில் கால்வாசி ஊற்றினால், இருங்கள், இன்னும் ஊற்றுகிறேன் என்று அர்த்தம். இத்தனை வருடமும் அப்படித்தான் ஊற்றியிருக்கிறாள். இன்று விளிம்பு தொட ஊற்றி, இரு கையாலும் நீட்டினாள். எழுந்து போங்கள் என்று சொல்ல அந்த ஊரில் அதற்கு மேல் வார்த்தை வேண்டியதில்லை.

கணவனின் கை ரொட்டியோடு நின்றது.

"மருமகளுக்குக் கண்ணு மங்கிப்போச்சு போல," என்று அவர் சிரித்தார். அவசரமில்லாமல் முழுவதையும் குடித்தார். காலிக் கிண்ணத்தைத் திரும்ப நீட்டினார்.

அவள் மறுபடியும் விளிம்புவரை ஊற்றினாள்.

இந்த முறை அவர் சிரிக்கவில்லை. எழுந்திருக்கவும் இல்லை. அவர் வீடு, ஏன் எழுந்திருக்க வேண்டும்? துர்சுனை நகர்ந்து, அவருக்கும் கணினிக்கும் நடுவில் கெட்டிலோடு உட்கார்ந்துகொண்டாள். அதில் இன்னும் கிண்ணம் நிறைய ஊற்றத் தேநீர் இருந்தது.