ஊரே பஸ்ஸில் ஏறிய காலை

எழுத நான் யார் என்று நீங்கள் கேட்கலாம். சாதாரண தரம் வரைதான் படித்தேன். நாலு பேர் கூடினால் பின்னால் போய் நிற்கிற ஆள். மிளகாய்க்கும் வெங்காயத்துக்கும் தண்ணீர் விடுகிறவன் பேனாவைத் தொட்டது பிழையென்றால் மன்னித்துக்கொள்ளுங்கள். அந்தக் காலை ஞாபகம் வரும்போதெல்லாம் தோட்டத்தில் தனியாக நின்று சிரிக்கிறேன். பார்க்கிற ஆட்கள் என்ன நினைப்பார்கள் என்று மனைவி கேட்கிறாள். பார்ப்பதற்கு அங்கே ஆட்கள் இல்லை என்பது வேறு விஷயம்.

எங்கள் ஊர் மாம்புரிக்கும் கண்டக்குழிக்கும் இடையில், பெரிய ரோட்டை விட்டுக் களப்புத் தண்ணீர்ப் பக்கமாக உள்ளே கிடக்கிறது. ஒரு வீடு, பிறகு வெறும் புல்வெட்டை, பிறகு கொஞ்சம் தென்னை, திரும்பவும் வெட்டை, அதற்குப் பிறகுதான் அடுத்த வீடு. பக்கத்து வீட்டு ராத்தா மீன் பொரித்தால் எனக்கு மணம் வராது, புகை மட்டும் தெரியும். எங்களைவிடக் காற்றாலைகள் அதிகம். கழுதைகள் அதைவிட அதிகம். பிரதேச சபைத் தேர்தலுக்கு வோட்டுக் கேட்டு வருகிறவர்கள்கூட ரோடு திரும்புகிற முடக்கில் மோட்டார் சைக்கிளை நிறுத்தி, வெட்டையைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போய்விடுவார்கள்.

ஆகவே பஸ்ஸும் உள்ளே வராது. என் மகள் உயர்தரம் படிக்கப் புத்தளத்துக்குப் போக வேண்டும். விடியும் முன்னே சைக்கிளில் ஏற்றிப் பெரிய ரோட்டுக்குக் கொண்டுபோவேன். காற்றுக் காலத்தில் எங்கள் சைக்கிள் முன்னால் போவதைவிடப் பக்கவாட்டில்தான் அதிகம் போகும். பஸ்ஸைத் தவறவிட்ட நாட்கள் கூடிக்கொண்டே வந்தன. புத்தளத்துக்குப் பக்கத்தில் தில்லையடியில் தங்கவைத்துப் படிப்பிக்கலாம் என்றால் அங்கே எங்களுக்குச் சொந்தம் இல்லை.

"பஸ் வராட்டி இந்தத் தவணையோட புள்ளைய நிப்பாட்டுவம்," என்றாள் மனைவி. மகள் புத்தகத்துக்கு உறை போட்டுக்கொண்டிருந்தாள்.

ராத்தாதான் விடவில்லை. அவள் என் கூடப் பிறந்த அக்கா. என் பங்குப் பேச்சையும் சேர்த்து அல்லாஹ் அவளுக்கே கொடுத்துவிட்டான். சபைக்கும் டிப்போவுக்கும் ஏறி இறங்கி, ஒரு திங்கட்கிழமை காலையில் ஊருக்குள் பஸ் விட்டுப் பார்க்கச் சம்மதம் வாங்கி வந்தாள். டிப்போவிலிருந்து ஒரு மாத்தையா, பெரிய அதிகாரி, வந்து பார்ப்பாராம். ஆட்கள் இருந்தால் பஸ் தொடரும், இல்லாவிட்டால் அன்றோடு சரி.

ஞாயிறு மாலை பள்ளிவாசல் ஒலிபெருக்கி கரகரத்தது. யாராவது இறந்தால் மௌத்து அறிவிக்கவும் காணாமற்போன ஆட்டைத் தேடவும் மட்டுமே அது வாய் திறக்கும். எல்லா வீட்டிலும் "இன்னா லில்லாஹி" சொல்லி முடித்த பிறகுதான் பாங்கு சொல்லும் மோதினார் சொல்வது விளங்கியது: "நாளைக்குக் காலையில எல்லாரும் பஸ்ஸில ஏறோணும். ஒருத்தரும் வீட்டில நிக்கப்படாது."

மறுநாள் காலை முடக்கில் போய் நின்றால் பெருநாள் மாதிரி இருந்தது. அத்தர் மணம், பெட்டிக்குள் இருந்து எடுத்த புதுச் சட்டைகளின் மடிப்பு, மோதினார் கையில் பள்ளிவாசல் சாவி. ஒரு மாமி சேவலைக் கக்கத்தில் வைத்திருந்தார்.

"சேவல் என்னத்துக்கு மாமி?"

"ஊட்டில ஆள் இல்லயே, கீரி புடிக்காதா?"

பஸ் வெறுமையாக வந்தது. ஏறினோம். கண்டக்டர் சிங்களத் தம்பி, தமிழ் கொஞ்சம் தெரியும்.

"எங்க போறது?" என்று முதல் ஆளைக் கேட்டார்.

"எங்கயும் போகல்ல தம்பி. பஸ்ஸில போறம்."

அடுத்த ஆளும் அதையே சொன்னார். அதற்கடுத்த ஆளும். "எல்லாருக்கும் பெரிய ரோட்டுக்கே டிக்கெட் கிழிங்க," என்று ராத்தா முடித்து வைத்தாள்.

வெட்டைக்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் கையை மட்டும் காட்டிக்கொண்டு வாழ்ந்த நாங்கள் அன்றைக்குத்தான் முழங்கால் இடிக்க உட்கார்ந்தோம். பஸ் ரோட்டில் ஒரு பள்ளக் கிடங்கில் விழுந்து எழுந்ததும் எல்லாரும் ஒன்றாகக் கத்தினோம், பிறகு ஒன்றாகச் சிரித்தோம். சேவல் கூவியது. மோதினாரின் தொப்பி ஜன்னலால் பறந்ததற்கு அவரே எல்லாரையும்விட அதிகமாகச் சிரித்தார்.

"மாத்தையா எங்க ராத்தா?" என்று யாரோ கேட்டார்.

"பெரிய ரோட்டில ஏறுவாரு. எல்லாரும் நிமிந்து இரிங்க."

பெரிய ரோட்டில் ஒருவரும் ஏறவில்லை. ராத்தாவின் போன் அடித்தது. மாத்தையாதான்.

"நான் உங்கட ஊரில நிக்கிறேன்," என்றார். "ஒரு வீட்டிலயும் மனிசர் இல்லயே. கழுதைதான் நிக்கிது. இங்க ஆருக்கு பஸ்?"

அவர் பஸ்ஸைப் பார்க்க வருவார் என்று நாங்கள் நினைத்திருந்தோம். அவர் ஊரைப் பார்க்க வந்திருந்தார். ராத்தா போனைக் கையில் வைத்துக்கொண்டு வாயைத் திறந்தாள், பேச்சு வரவில்லை. என் வாழ்நாளில் அப்படி நான் கண்டதில்லை. வெள்ளைச் சீருடையில் முன் சீட்டில் இருந்த மகள் திரும்பி என்னைப் பார்த்தாள்.

எழுந்தேன். கம்பியைப் பிடித்துப் பிடித்து டிரைவரிடம் போய், மிளகாய் விற்கிற என் சந்தைச் சிங்களத்தில் நடந்ததைச் சொல்லி, திருப்பச் சொல்லிக் கேட்டேன். அவர் பஸ்ஸை ஓரங்கட்டிவிட்டு ஸ்டியரிங்கில் தலை வைத்துச் சிரித்தார். பிறகு திருப்பினார். பின்னால் எழும்பிய சத்தத்தில் சேவல் கையை விட்டுப் பறந்து கண்டக்டர் தோளில் உட்கார்ந்தது.

மாத்தையா முடக்கில் பூவரச மரத்தடியில் நின்றார். ஒரு கழுதை அவருடைய பையின் வாரை மென்றுகொண்டிருந்தது. நாங்கள் இறங்க இறங்க அவர் கண்கள் விரிந்தன.

"இவ்வளவு பேரும் எங்க போனது?"

"உங்களுக்கு ஆள் காட்டத்தான் போன, மாத்தையா," என்றார் மோதினார், வெறுந்தலையோடு.

அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. ஆனால் கண்ணைத் துடைத்துவிட்டுக் கேட்டார்: "அப்ப ஒவ்வொரு நாளும் இவ்வளவு பேரும் போவீங்களா?"

ராத்தாவுக்கு அதற்குள் பேச்சு திரும்பியிருந்தது. "ஓம்" என்று சொல்ல வாயெடுத்தாள். மகள் முந்திக்கொண்டாள்.

"இல்ல சேர். ஒவ்வொரு நாளும் நான் மட்டும்தான் போவேன். ஸ்கூலுக்கு."

ராத்தா நெற்றியில் அடித்துக்கொண்டாள். மாத்தையா மகளைப் பார்த்தார், நேரத்தைப் பார்த்தார். "இண்டைக்கு ஸ்கூல் போச்சே மகள்," என்றார். பிறகு எங்களைப் பார்த்து, "ரோட்டில இருக்கிற அந்தக் கிடங்க இண்டைக்கே நிரப்புங்க. பஸ் புதையும்," என்றுவிட்டுக் கழுதையிடமிருந்து பையை இழுத்தெடுத்துப் புறப்பட்டார்.

புதுச் சட்டைகளோடேயே மண்வெட்டி எடுத்தோம். மாமி தேத்தண்ணீர் ஊற்றினார்.

அடுத்த நாள் காலையில் பஸ் வந்தது. மகள் ஏறினாள். வேறு ஒருவரும் ஏறவில்லை.