அலைன்மென்ட்டும் என் மகளின் இடது காலும்

ஓசூரில் ஒரு தொழிற்சாலையின் பராமரிப்புப் பிரிவில் வேலை செய்கிறேன். மோட்டார், பம்ப், காற்றூதி என்று சுற்றுகிற எதுவாக இருந்தாலும் அது எங்கள் பொறுப்பு. மோட்டாரின் தண்டும் பம்பின் தண்டும் ஒரே நேர்கோட்டில் நிற்க வேண்டும். ஒரு தலைமுடியின் பருமன் விலகினாலும் போதும், பேரிங் சூடேறும், சத்தம் மாறும், கொஞ்ச நாளில் இரண்டையும் இணைக்கிற கப்ளிங் தெறித்துவிடும். அந்த விலகலை லேசர் வைத்துப் பார்த்து, மோட்டாரின் அடியில் மெல்லிய தகடுகளைச் செருகிச் சரிசெய்வதைத்தான் நாங்கள் அலைன்மென்ட் என்போம். தமிழ், கன்னடம், தெலுங்கு, இந்தி எல்லாம் கலந்து ஓடுகிற எங்கள் ஷெட்டில் யாருக்கும் விளக்க வேண்டியிராத சொல் அது. அதற்கு வேறு அர்த்தமும் இருக்கலாம் என்று பல வருடம் எனக்குத் தோன்றியதே இல்லை.

என் மகள் ஒன்றாம் வகுப்பு முடித்த கோடையில் அவளுடைய இடது பாதம் உள்பக்கம் திரும்ப ஆரம்பித்தது. முதலில் கவனித்தது என் மனைவி. அவளுக்கு ரோஜாப் பண்ணை ஒன்றின் ஏற்றுமதிப் பிரிவில் வேலை. பொழுது சாய்வதற்குள் வீட்டுக்கு வந்துவிடுவாள். எனக்கோ அப்போது தொடர்ந்து இரண்டாம் ஷிப்ட். மகளைக் காலையில் பார்ப்பதோடு சரி.

"ஏங்க, பாப்பா ஒரு மாதிரி இழுத்து இழுத்து நடக்கறா. பாத்தீங்களா?"

"இன்னிக்குக் காலைல படி பூரா குதிச்சுக் குதிச்சு ஏறினாளே. நான்தான் பின்னாடி வந்தேன்."

"நீங்க பாக்கறது காலைல. நான் பாக்கறது சாயந்தரம். ஒரு நாளு லீவு போட்டுட்டு வீட்ல உக்காந்து பாருங்க, தெரியும்."

லீவு போட்டேன். மதியம் வரை எந்தக் குறையும் இல்லை. மொட்டை மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தபோது என்னைச் சுற்றிச் சுற்றி ஓடினாள். நான்கு மணி வாக்கில் ஓட்டம் நடையானது. வெயில் தணிந்தபோது அவள் சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். இடது குதிகால் தரையில் படவில்லை. விரல்கள் சுருண்டு, பாதம் உள்பக்கமாக மடங்கி நின்றது.

"என்னா பாப்பா, கால் வலிக்குதா?"

"வலிக்கல. நான் நேரா போன்னுதான்பா சொல்றேன். அது கேக்க மாட்டேங்குது."

ஓசூரிலேயே ஓர் எலும்பு மருத்துவரிடம் காட்டினோம். இடுப்பிலிருந்து கணுக்கால் வரை நிற்கவைத்து எக்ஸ்ரே எடுத்தார். அதை வெளிச்சத்தில் மாட்டி, இடுப்பு மூட்டின் நடுவிலிருந்து கணுக்காலின் நடுவுக்கு ஒரு ஸ்கேல் வைத்தார். கோடு முழங்காலின் மத்தியில் போனது.

"காலோட அலைன்மென்ட் நல்லாத்தான் இருக்கு" என்றார்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. என் ஷெட்டில் கிடக்கிற சொல் இங்கே எப்படி வந்தது? ஆனால் யோசித்துப் பார்த்தால் நியாயம்தான். இடுப்பு, முழங்கால், கணுக்கால் மூன்றும் ஒரு கோட்டில் நின்று பாரத்தைக் கீழே இறக்க வேண்டும். இரும்புக்குப் பதில் எலும்பு. எனக்குப் புரிகிற விஷயம் என்பதாலேயே கொஞ்சம் தைரியம் வந்தது. பட்டை வைத்த ஒரு காலணி எழுதிக்கொடுத்தார். மழைக்காலம் முழுக்க அதைப் போட்டுவிட்டோம். பாதம் அடங்கவில்லை. பிறகு வீட்டுப்பாடம் எழுதும்போது இடது கையும் விறைக்க ஆரம்பித்தது. சாயங்காலங்களில் அவளைத் தூக்கித்தான் மாடிக்குக் கொண்டுபோனோம்.

அந்த மருத்துவரை நான் இப்போதும் மரியாதையோடு நினைத்துக்கொள்கிறேன். அடுத்த முறை போனபோது அவர் காலணியைக் கழற்றி ஓரமாக வைத்தார். "எலும்புல ஒண்ணுமில்லீங்க. நான் மேல மேல ஏதாச்சும் போட்டுப் பாக்கறது சரியில்ல. பெங்களூர்ல குழந்தைகளுக்கான நரம்பு டாக்டர்கிட்ட போங்க" என்று அவரே பேசி நேரம் வாங்கிக் கொடுத்தார்.

என் மச்சான்தான் காரை ஓட்டினான். மனைவியின் தம்பி, பெங்களூரில் செயற்கை நுண்ணறிவு மென்பொருள் செய்கிற ஒரு நிறுவனத்தில் வேலை. அத்திப்பள்ளியைத் தாண்டுவதற்குள் வண்டிகள் நெருக்கிப் பிடித்து நின்றுவிட்டன. பின்சீட்டில் மகள் அம்மா மடியில் தலைவைத்திருந்தாள். பேச்சு எப்படியோ எக்ஸ்ரேக்கு வந்தது. டாக்டர் என் தொழில் சொல்லைச் சொன்னதை அவனிடம் சொன்னேன்.

"மாமா, எங்க ஆபீஸ்ல அந்தப் பேர்ல ஒரு டீமே இருக்குது" என்றான்.

"உங்களுக்கு எதுக்குடா அலைன்மென்ட்? உங்ககிட்ட சுத்தற சாமானே இல்லியே."

"கம்ப்யூட்டர் தானா முடிவெடுத்து வேலை செய்யுதுன்னு வைங்க. நாம ஒண்ணு நெனச்சு ஒண்ணைச் சொல்லுவோம். அது நாம சொன்ன வார்த்தையை மட்டும் புடிச்சுக்கிட்டு வேற எதையோ செஞ்சு வெச்சிரும். நம்ம மனசுல இருக்கறதும் அது செய்யறதும் ஒரே கோட்டுல வரணும். அதுக்குப் பேருதான் எங்ககிட்ட அலைன்மென்ட்."

"அப்படி வருதா?"

"முழுசா வந்துச்சுன்னு யாரும் சொல்ல முடியாது, மாமா. அதுக்குத்தான் டீமு."

நான் திரும்பி மகளைப் பார்த்தேன். நேரா போன்னுதான்பா சொல்றேன், அது கேக்க மாட்டேங்குது. கோடு எலும்பில் சரியாக இருந்தது. அவள் நினைப்புக்கும் பாதத்துக்கும் நடுவில் எங்கேயோ விலகியிருந்தது. ஸ்கேல் வைத்து அளக்க முடியாத இடம் அது. நின்றுபோன அந்தக் காருக்குள் எனக்குப் பயமும், இன்னதென்று சொல்ல முடியாத ஒரு வியப்பும் சேர்ந்தே வந்தன. ஒரு காலை நீட்டுவதற்குள் உடம்புக்குள் என்னென்ன நடக்க வேண்டியிருக்கிறது!

நரம்பு மருத்துவர் நடுவயதுப் பெண்மணி. மகளை நடக்கச் சொன்னார், எழுதச் சொன்னார், பாதத்தைக் கையில் ஏந்தி மெல்லத் திருப்பிப் பார்த்தார். அப்புறம் எங்களைப் பார்த்துக் கன்னடத்தில் கேட்டார்: "பெளிக்கே ஹேகிர்தாளே?" காலையில் எப்படி இருப்பாள்?

"ரொம்ப நல்லா நடப்பா" என்றேன் நான்.

"சாயந்தரமானா எங்க நடக்கறா? தூக்கிக்கிட்டுப் போறோம்" என்றாள் மனைவி அதே மூச்சில்.

டாக்டர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "ரெண்டு பேரும் வேற வேற நேரத்துல பாக்கறீங்களா?" என்று இப்போது தமிழில் கேட்டார். நாங்கள் எங்கள் ஷிப்டுகளைச் சொன்னோம். "தூங்கி எந்திரிச்சா சரியாகுதா? மத்தியானம் தூங்கினாக்கூட?" ஆமாம் என்றோம். ஒரு ஞாயிற்றுக்கிழமை நன்றாகத் தூங்கிவிட்டு அந்தச் சாயங்காலம் அவள் ஓடியது எங்களுக்கு அப்போதுதான் ஞாபகம் வந்தது.

"மூளையில ஒரு பொருள் சுரக்கணும். இவளுக்கு அது கொறச்சலா சுரக்குதோன்னு சந்தேகப்படறேன். தூக்கத்துல கொஞ்சம் சேந்துக்கும், பகல்ல தீந்துடும். அது மாத்திரையா கிடைக்குது. ஒரு மாத்திரையில கால்வாசி குடுத்துப் பாப்போம். நான் நெனைக்கிறதுதான்னா, சீக்கிரமே தெரிஞ்சுடும்." ரத்தமும் எடுத்துக்கொண்டார்கள், மரபணுச் சோதனைக்கு.

அத்தனை மாதம் காலணி மாட்டி இறுக்கிய காலுக்கு, நகத்தளவு மாத்திரைத் துண்டு. எனக்கு நம்பிக்கையில்லை. மனைவி மட்டும் வேளை தவறாமல் கொடுத்தாள்.

சில நாள் கழித்து, வெளிச்சம் மங்குகிற நேரம். எனக்கு வார விடுமுறை. கீழ்வீட்டில் கொத்தமல்லி வாங்கி வரக் கிளம்பிய மனைவி, செருப்பைப் போட்டுக்கொண்டே யாரையோ திட்டிக்கொண்டிருந்தாள். மகள் அவளுக்கு முன்னால் படியில் இறங்கிப் போய்க்கொண்டிருந்தாள். கைப்பிடியைத் தொடவில்லை. குதிகால் ஒவ்வொரு படியிலும் முழுசாகப் பதிந்தது. மனைவி திட்டுவதை நிறுத்திவிட்டாள். நான் கதவருகிலேயே நின்றேன். சத்தம் போட்டால் அது கலைந்துவிடுமோ என்று இருந்தது. கீழே போய்ச் சேர்ந்தவள் திரும்பிப் பார்த்து, "ஏன் ரெண்டு பேரும் அங்கயே நிக்கறீங்க? வாங்க" என்றாள். மனைவி அப்படியே படியில் உட்கார்ந்து முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள்.

மரபணுச் சோதனை முடிவு வந்ததும் பரிசோதனைக்கூடத்திலிருந்து கூப்பிட்டார்கள். என்னுடைய ரத்தத்தையும் மனைவியுடையதையும்கூட இடையில் வாங்கியிருந்தார்கள். விளக்கிச் சொல்ல ஒரு பெண் உட்கார்ந்திருந்தார், தென்காசிப் பக்கத்துப் பேச்சு. தன் கணினித் திரையை எங்கள் பக்கம் திருப்பினார்.

"இதுதான் சார் பாப்பாவோட அலைன்மென்ட்" என்றார்.

நான் சிரித்துவிட்டேன். அவருக்கு ஏன் என்று தெரியவில்லை. என் வேலையைச் சொன்னேன். "சரிதான்! ஆனா எங்க அலைன்மென்ட் வேற சார்" என்று அவரும் சிரித்தார்.

திரையின் உச்சியில் நான்கே எழுத்துகள் மாறி மாறி வருகிற ஒரு நீண்ட வரி. அது பொதுவாக மனிதர்களுக்கு இருப்பது என்று வைத்துக்கொண்ட வரி. என் மகளின் ரத்தத்திலிருந்து படித்ததெல்லாம் சின்னச் சின்னத் துண்டுகள். எந்தத் துண்டு எந்த இடத்துக்கு உரியது என்று யாருக்கும் தெரியாது. ஒவ்வொன்றையும் மேல்வரியில் பொருந்துகிற இடம் பார்த்து, அதற்கு நேர் கீழே அடுக்குவதுதான் இவர்களுடைய அலைன்மென்ட்.

"அடுக்கினப்புறம் விலகியிருக்கறதை சரிபண்ணிருவீங்களா?" என்று கேட்டேன்.

"சரிபண்ணுததுக்கு இல்ல சார். வித்தியாசம் எங்க இருக்குன்னு கண்ணுல படணும்லா, அதுக்குத்தான் அடுக்குதது. இங்க பாருங்க."

பத்தி பத்தியாக ஒரே எழுத்து. மேலிருந்து கீழ்வரை மாறாமல் போய்க்கொண்டே இருந்தது. ஓரிடத்தில் மட்டும், பாதித் துண்டுகளில், வேறு எழுத்து. மனித உடம்புக்குள் இருக்கிற அத்தனை கோடி எழுத்துகளில் ஒரே ஓர் எழுத்து. அது மாறியதால் ஒரு நொதி குறைந்தது, நொதி குறைந்ததால் டாக்டர் சொன்ன அந்தப் பொருள் மூளையில் குறைந்தது, அதனால் ஒரு குழந்தையின் குதிகால் சாயங்காலமானால் தரையைத் தொடவில்லை. நான் வாழ்நாள் முழுக்க வித்தியாசத்தைப் போக்குவதற்காக வரிசைப்படுத்துகிறவன். வித்தியாசத்தைப் பார்ப்பதற்காக வரிசைப்படுத்துகிறவர்களை அன்றுதான் முதலில் பார்த்தேன்.

அவர் இன்னொரு படத்தைத் திறந்தார். அந்த மரபணு உண்டாக்குகிற நொதியின் எழுத்துகள் இவை என்றார். முதல் வரி மனிதன். அடுத்தது எலி. அதற்கடுத்தது கோழி. அதற்கும் கீழே மீன். "இந்த இடத்துல எல்லாத்துக்கும் ஒரே எழுத்துதான் பாருங்க. அதுனாலதான் இது முக்கியமான இடம்னு சொல்லுதோம்."

மனைவி திரைக்கு அருகே போய் விரலை வைத்துப் பார்த்தாள். "மீனுக்குமா?" என்றாள்.

"மீனுக்கும்தான்க்கா."

எத்தனை காலமாக அந்த எழுத்து அங்கே கை மாறி மாறி வந்திருக்கும்! கிருஷ்ணகிரி அணையில் துள்ளுகிற மீனுக்குள் அது இருக்கிறது. எங்கள் தெருக் கோழிகளுக்குள் இருக்கிறது. என் மகளிடம் வந்தபோது பாதி மாறியிருக்கிறது. அங்கே நாற்காலியில் உட்கார்ந்திருந்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. கோயிலில்கூட அப்படி எனக்கு ஆனதில்லை.

பிறகு அந்தப் பெண் சற்றுத் தயங்கி, மறுபடியும் நான்கெழுத்து வரிகளுக்கு வந்தார். எங்கள் மூவரையும் ஒன்றன்கீழ் ஒன்றாக அடுக்கியிருந்தார். மனைவியுடையதில் மாற்றமில்லை. என்னுடையதில், அதே பத்தியில், அதே வேறு எழுத்து.

"எங்கிட்டயும் இருக்குதா? அப்ப நான் எப்படி நல்லா நடக்கறேன்?"

"செல பேருக்கு அது வெளிய காட்டிக்கிடவே செய்யாது சார். ஆம்பளையாளுகளுக்குக் கொஞ்சம் கம்மியாத்தான் வரும்."

"ஏன்?"

"இன்னும் முழுசாத் தெரியல சார்."

அவ்வளவு நுணுக்கமாகப் பார்க்கத் தெரிந்தவர், தெரியவில்லை என்று சாதாரணமாகச் சொன்னார். எனக்கு அது ஏமாற்றமாக இல்லை. நான் என் கால்களைக் குனிந்து பார்த்தேன். நாற்பது வருடத்துக்கு மேலாக எந்தக் கேள்வியும் இல்லாமல் ஏணி ஏறி, பம்புக் குழியில் இறங்கி, என்னைச் சுமந்த கால்கள். அவையும் அதே எழுத்தோடுதான் நடந்திருக்கின்றன. மனைவி என் தோளைத் தொட்டு, "எந்திரிங்க, போலாம்" என்றபோது எழுந்து நிற்பதையே புதிதாகச் செய்வதுபோல் இருந்தது.

மாங்காய்ப் பருவத்தில் வேப்பனப்பள்ளிக்கு, மாமனார் தோப்புக்குப் போயிருந்தோம். மச்சானும் வந்திருந்தான். பொழுது இறங்கிக்கொண்டிருந்தது. அறுத்த காய்களைக் கூடையில் அடுக்கிக்கொண்டிருந்தார்கள். மகள் ஓர் ஆட்டுக்குட்டியைத் துரத்திக்கொண்டு மரங்களுக்கு நடுவே ஓடினாள். திடீரென்று கவிழ்ந்து விழுந்தாள்.

நாங்கள் மூன்று பேரும் கையிலிருந்ததைப் போட்டுவிட்டு ஓடினோம். அவளே எழுந்து உட்கார்ந்து முழங்காலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சிராய்த்து ரத்தம் துளிர்த்திருந்தது. மனைவி குனிந்து பாதத்தைப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"கால் ஒண்ணும் பண்ணலம்மா. வேர் தடுக்கிடுச்சு" என்றாள் மகள் எரிச்சலோடு.

உண்மைதான். புல்லுக்குள் மறைந்து ஒரு தடித்த வேர் கிடந்தது. எந்தக் குழந்தை ஓடியிருந்தாலும் அதில் விழுந்திருக்கும். மச்சான் முதலில் சிரிக்க ஆரம்பித்தான். மனைவி, "ஓடறப்போ கீழ பாத்து ஓடத் தெரியாதா உனக்கு?" என்று அவளை அதட்டினாள். கால் விஷயத்தில் என் மனைவி அவளை அதட்டி நான் கேட்டு எவ்வளவோ காலமாகியிருந்தது.